துரைக்கு முன்னால் யார் உட்கார்ந்தது?

எங்க அம்மாயிக்கு எழுபத்தைந்து வயது தாண்டிவிட்டது. பதுளைப் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் முப்பது வருஷத்துக்கு மேல் கொழுந்து பறித்தவர். இப்போது வேலை இல்லை, பென்ஷனும் இல்லை, லயத்து வாசலில் வெயில் காய்வதுதான் பொழுது. ஆனா கீழே ரோட்டில் துரையின் ஜீப் சத்தம் கேட்டால் போதும், சுவரைப் பிடித்துக்கொண்டு எழும்பி நின்றுவிடுவார். ஜீப்புக்குள் இருக்கும் சின்னத் துரைக்கு என்னைவிட ஏழெட்டு வயதுதான் கூட இருக்கும். அவர் இந்தப் பக்கம் திரும்பிப் பார்ப்பதும் இல்லை.

"நீதான் பேர் வெட்டி எத்தனையோ வருஷமாச்சே, இன்னும் ஏன் அம்மாயி எந்திரிக்கிற?" என்று கேட்டேன்.

"நான் எங்க புள்ள எந்திரிக்கிறேன், காலு தானா எந்திரிக்குது" என்றார்.

அந்தக் காலைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை. ஒரு காலுக்கு எழும்பப் பழக்கியது யார், எப்படி, எத்தனை வருஷம் எடுத்தது என்பதைப் பற்றி.

என் காலைப் பற்றியும் கொஞ்சம் சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் நியாயம் இல்லை. முதலாம் வருடம் விடுதிக்குப் போன அன்று ஒரு அக்கா "எந்த ஊர்?" என்று கேட்டார். "பதுளை" என்றேன். "பதுளையில எங்க?" "டவுன்தான்" என்று வாய் தானாகச் சொல்லிவிட்டது. டவுனில் இருந்து எங்கள் டிவிஷனுக்கு பஸ்ஸில் போய், இறங்கி, இன்னும் முக்கால் மணித்தியாலம் நடக்க வேண்டும். அந்த அக்கா கெட்டவர் இல்லை, சும்மா கேட்டார். இலங்கையில் "எந்த ஊர்?" என்ற கேள்வி சும்மா கேட்கப்படுவது குறைவு, அவ்வளவுதான். பதிலில் இருந்து ஆளின் சாதி, அப்பாவின் தொழில், வீட்டில் பைப் தண்ணீர் வருமா என்பது வரை கணக்குப் போட்டுவிடுவார்கள். 'தோட்டக்காட்டான்', 'கள்ளத்தோணி' என்ற சொற்களை நேரே கேட்காத என் தலைமுறைப் பிள்ளைகளும் அந்தக் கணக்கைப் பயந்துதான் டவுன் பெயரைச் சொல்கிறோம்.

சரி, வரலாற்றுக்கு வருவோம்.

தோட்டத்தில் யார் பெரியவர் என்று தெரிந்துகொள்ள யாரையும் கேட்கத் தேவையில்லை, அண்ணாந்து பார்த்தால் போதும். காற்றும் காட்சியும் நல்லா இருக்கும் உச்சியில் பெரிய துரை பங்களா. அதற்குக் கொஞ்சம் தள்ளி சின்னத் துரை பங்களா. பிறகு கிளாக்கர், டீமேக்கர், கண்டக்டர், டிஸ்பென்சர் இருக்கும் ஸ்டாப் குவார்ட்டஸ். அதற்கும் கீழே கணக்கப்பிள்ளை வீடு. மிச்சம் உள்ள சரிவிலும் பள்ளத்திலும் லயங்கள். லயத்துக்குள்ளேயும் 'மேட்டு லயம்', 'பணிய லயம்' என்று ஒரு மேல் கீழ் உண்டு. எல்லாத் தோட்டமும் அச்சடித்த மாதிரி இப்படியே இருக்காது. ஆனாலும் ஹாலிஎலவில் வளர்ந்த பிள்ளையை மடுல்சீமைக்குக் கொண்டுபோய் விட்டாலும் எந்தக் கூரைக்குக் கீழே யார் இருப்பார் என்று சொல்லிவிடும்.

அப்புத்தளையில் அடிஷம் பங்களாவைப் பார்த்திருப்பீர்கள். சேர் தோமஸ் வில்லியர்ஸ் 1931இல் கட்டி முடித்தது. தோட்டத்தில் தொடங்கி, கொழும்பு ஜோர்ஜ் ஸ்டுவர்ட் கம்பனியின் தலைவர் ஆனவர் அவர். இங்கிலாந்தின் லீட்ஸ் கோட்டை மாதிரி வேண்டும் என்று கல்லில் இழைத்த வீடு. இன்று பெனடிக்ட் சபைத் துறவிகளின் மடம், நாங்களும் ஸ்கூல் ட்ரிப் போய் ஜாம் வாங்கிக்கொண்டு வந்தோம். அந்தக் காலத்து லயத்துக் காம்பரா பத்து அடிக்குப் பன்னிரண்டு அடி. அதற்குள் ஒரு குடும்பம், சில நேரம் இரண்டு. அடிஷம் ஹோலில் நின்றபோது இதற்குள் எத்தனை காம்பரா வைக்கலாம் என்று நானும் என் கூட்டாளியும் கணக்குப் பார்த்தோம். டீச்சர் ஏசினார், பாதியில் விட்டுவிட்டோம்.

கட்டிடத்தைவிடச் சொற்கள் இன்னும் கெட்டி. துரை, துரைசாணி, பெரிய துரை, சின்னத் துரை. ஆங்கிலத்தில் சூப்பிரிண்டன்ட், அசிஸ்டன்ட் என்று உத்தியோகப் பெயராக இருப்பது நம் தமிழில் 'ஆளுகிறவர்' ஆகிவிட்டது. வெள்ளைக்காரரும் தங்கள் ஆங்கிலத்திலேயே 'பெரிய துரை', 'சின்னத் துரை' என்று எழுதும் அளவுக்கு அந்தச் சொல் அவர்களுக்குப் பிடித்துப்போனது. தொழிலாளிக்கு உள்ள சொல் 'பேர்'. காலையில் தப்பு அடித்து எழுப்பி, பிரட்டுக்களத்தில் வரிசையாக நிறுத்தி, செக்ரோலில் பெயரைப் பதிவார்கள். அதனால் தோட்டத்துத் தமிழில் பேர் என்றாலே ஒரு நாள் சம்பளம். பிந்தி வந்தால், கொழுந்து எடை குறைந்தால் அரைப்பேர். "இன்னைக்கு எனக்குப் பேர் இல்ல" என்று அம்மா சொல்லும்போது சின்ன வயதில் எனக்குப் பயமா இருக்கும், அம்மாவுக்குப் பெயரே இல்லாமல் போய்விட்டது என்று நினைத்துக்கொள்வேன். ரொம்பப் பிழையான நினைப்பும் இல்லை.

மரியாதை என்பது மனதில் இருந்து வருவது என்று சமய பாடத்தில் சொல்லித்தந்தார்கள். தோட்டத்தில் அது சட்டத்தில் இருந்து வந்தது. 1865ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் என்று ஒன்று. வேலையை விட்டுச் சொல்லாமல் போவது, கட்டளைக்குக் கீழ்ப்படியாமல் இருப்பது இவற்றோடு எஜமானிடம் திமிராக நடப்பதும் அதன்படி குற்றம். அபராதம் கட்ட வேண்டும், மூன்று மாதம் வரை மறியலிலும் போடலாம். எது திமிர் என்று சொல்வது யார்? முறைப்பாடு செய்பவர் துரை, அதைக் கேட்கும் நீதவான் பெரும்பாலும் துரையோடு ஒரே கிளப்பில் இருப்பவர். தலைப்பாகையை அவிழ்க்கவில்லை, மடித்துக் கட்டிய சாரத்தை இறக்கவில்லை, குடையைச் சுருக்கவில்லை என்பதெல்லாம் வெறும் சம்பிரதாயம் இல்லை, பின்னால் ஒரு மறியல் கதவு இருந்தது. வேலை ஒப்பந்தத்தை மீறியதற்குச் சிறை என்ற ஏற்பாடு 1920களின் தொடக்கத்தில்தான் நீங்கியது. ஐம்பது வருஷத்துக்கு மேல். ஒரு காலைப் பழக்க ஐம்பது வருஷம் போதாதா?

இவ்வளவையும் வெள்ளைக்காரன் தலையில் போட்டுவிட்டு நிறுத்தலாம். அப்படி நிறுத்தும் கட்டுரைகள் நிறைய வாசித்திருக்கிறேன், எனக்குச் சரியாகப் படவில்லை. துரை மாதத்தில் எத்தனை தரம் லயத்துப் பக்கம் வந்திருப்பார்? அன்றாடம் தலைக்கு மேல் நின்றவர் கங்காணி. தமிழ்நாட்டு ஊரில் போய் முன்பணம் கொடுத்து ஆள் திரட்டி வந்தவர் பெரிய கங்காணி, அவருக்குக் கீழே சில்லறைக் கங்காணிகள். வேலைக்கு இறங்கும் ஒவ்வொரு தலைக்கும் கங்காணிக்குத் 'தலைக்காசு' உண்டு. வேறு தோட்டத்துக்குப் போக வேண்டும் என்றால் கடன் எவ்வளவு என்று எழுதிய 'துண்டு' வேண்டும். ஆளை அல்ல, அந்தத் துண்டைத்தான் தோட்டங்கள் வாங்கி விற்றன. அந்த முறையை 1921இல் தடை செய்தார்கள். கடனில் கட்டுண்ட ஒருவர் கங்காணிக்கு முன்னால் எப்படி நின்றிருப்பார் என்று சொல்லத் தேவையில்லை.

கங்காணிமாரில் அதிகம் பேர் ஊரிலேயே நிலமும் சாதிச் செல்வாக்கும் இருந்த குடும்பங்கள். வந்தவர்களில் பெரும்பகுதி பள்ளர், பறையர், அருந்ததியர். கடல் தாண்டி வந்தபோது மூட்டையில் சாமியையும் கொண்டுவந்தோம், சாதியையும் கொண்டுவந்தோம். 'குடியானவர்' ஒரு லயம், மற்றவர்கள் வேறு லயம். தப்பு அடிப்பது ஒரு சாதி, கக்கூஸ் கழுவுவது ஒரு சாதி. துரைமாருக்கும் இது வசதியாக இருந்தது, ஏற்கெனவே அடுக்கிவைத்த ஏணியை எதற்குப் பிரிக்க வேண்டும்? சாமி தேர் லயங்களைச் சுற்றி எந்த வழியாகப் போகும், எந்த வாசலில் நிற்கும், முதல் மரியாதை யாருக்கு என்பதில் இந்த வரைபடம் இன்றைக்கும் தெரியும். கல்யாணப் பேச்சில் இன்னும் தெளிவாகத் தெரியும். எங்கள் லயத்தில் எல்லோரும் ஒரே சம்பளம், ஒரே தேங்காய்ச் சம்பல். ஆனா யார் வீட்டில் தண்ணீர் குடிக்கலாம் என்பதை ஐந்து வயதிலேயே நான் தெரிந்து வைத்திருந்தேன். யாரும் சொல்லித்தரவில்லை, மற்றவர்களைப் பார்த்துப் படித்ததுதான்.

தொழிற்சங்கத் தலைமைகூட இந்த ஏணியில் மேலே இருந்துதான் வந்தது. சௌமியமூர்த்தி தொண்டமானின் அப்பா பெரிய கங்காணியாக இருந்து றம்பொடையில் வெவன்டன் தோட்டத்தையே வாங்கியவர். சி. வி. வேலுப்பிள்ளை மடகொம்பரையில் பெரிய கங்காணிக் குடும்பத்தில் பிறந்தவர். அவர்கள் செய்த வேலையைக் குறைத்துச் சொல்லவில்லை. துரைக்கு முன்னால் பயப்படாமல் பேச ஆங்கிலமும் காலில் சப்பாத்தும் யாரிடம் இருந்தது என்ற கேள்விக்கு அதுதான் பதில். அதற்கும் முன்னால் கோ. நடேசய்யர், தஞ்சாவூர்ப் பிராமணர், புடவை வியாபாரி வேஷம் போட்டுத்தான் தோட்டத்துக்குள் நுழைந்து பார்த்தார். வெளியாள் தோட்டத்துக்குள் கால் வைக்க முடியாத காலம் அது. 1931இல் அவர் தொழிலாளர் சம்மேளனம் அமைத்தபோது துரைமாரைப் போலவே கங்காணிமாரும் எதிர்த்தார்கள்.

இந்த ஏணி ஒரு தரம் ஆடியது. அந்த இடத்தைச் சொல்லத்தான் இவ்வளவு சுற்றி வந்தேன், ஏனென்றால் அது எங்கள் ஊரில், பதுளையில் நடந்தது. எங்கள் பாடப் புத்தகத்தில் ஒரு வரி இல்லை.

1937இல் ஒரு சின்ன அதிர்வு. மார்க் அந்தனி பிரேஸ்கேர்டில் என்ற இளைஞர், அவுஸ்திரேலியாவில் இருந்து வந்து மடுல்கெலைப் பக்கம் றெலுகாஸ் தோட்டத்தில் சின்னத் துரைக்குப் பழகியவர். லயத்து ஆட்களோடு சமமாகப் பழகினார் என்று வேலையை விட்டு அனுப்பினார்கள். அவர் சமசமாஜக் கட்சி மேடையில் ஏறி, நாவலப்பிட்டியில் தொழிலாளர்கள் முன்னால் துரைமாரைப் பற்றிப் பேசினார். ஆளுநர் நாட்டை விட்டுப் போகச் சொன்னார், அவர் ஒளிந்துகொண்டார், கடைசியில் உச்ச நீதிமன்றம் அவர் பக்கம் தீர்த்தது. துரை வர்க்கத்துக்கு அவர் செய்த பெரிய குற்றம் இந்தத் தூரத்தைக் குறைத்ததுதான் என்று நான் நினைக்கிறேன். ஆனாலும் அது மேலே இருந்து ஒருவர் இறங்கி வந்த கதை.

1940 கீழே இருந்து ஏறிய கதை. ஜனவரியில் முல்லோயாத் தோட்ட வேலைநிறுத்தத்தில் கோவிந்தன் என்ற தொழிலாளி பொலிஸ் சூட்டில் இறந்தார். மே மாதம் ஊவா முழுக்க வேலைநிறுத்தம் பரவியது. மே 12ஆம் திகதி பதுளையில் கூட்டம் போடத் தடை, தடையை மீறி கொல்வின் ஆர். டி சில்வா பேசினார், வந்திருந்த சனத்தைப் பார்த்துப் பொலிஸ் கையைக் கட்டிக்கொண்டு நின்றது. அதே நாட்களில் பதுளைக்குப் பக்கத்தில் வெவெஸ்ஸ தோட்டத்தில் தொழிலாளர்கள் தங்களுக்குள் ஆட்களைத் தெரிவு செய்து ஒரு சபை அமைத்தார்கள். துரை அந்தச் சபையைக் கலந்துகொண்டு தோட்டத்தை நடத்த ஒத்துக்கொண்டார். 'சட்டம் ஒழுங்கை' நிலைநாட்ட ஆயுதத்தோடு போன பொலிஸ்காரர்களிடம் இருந்து தொழிலாளர்கள் ஆயுதத்தைப் பறித்துவிட்டார்கள்.

இதை லெஸ்லி குணவர்தன எழுதிய சமசமாஜக் கட்சி வரலாற்றில் வாசித்தேன். கட்சிக்காரர் எழுதியது, அந்தப் பெருமை அதில் இருக்கும் என்பதை ஞாபகம் வைத்துத்தான் வாசிக்க வேண்டும். அதிலும் வெவெஸ்ஸவுக்குக் கிடைத்தது ஒன்றிரண்டு வரிதான். சபையில் இருந்தவர்களில் ஒருவரின் பெயர்கூட இல்லை. கூட்டத்தில் பேசியவர் பெயர் இருக்கிறது, சபை அமைத்தவர்களுக்குப் பேர் விழவில்லை.

நான் அந்த வரிகளில் ரொம்ப நேரம் நின்றேன். திமிர் என்றால் மறியல் என்ற சட்டம் போய் இருபது வருஷம்கூட ஆகவில்லை. எழும்பி நின்றே பழகிய கால்கள். இன்றைக்கு எந்த மலையில் பறிப்பு, யாருக்கு வேலை என்பதை அந்த ஆட்கள் துரையோடு சேர்ந்து பேசினார்களா? அந்தச் சில நாட்களில் 'துரை' என்ற சொல் அவர்கள் வாயில் எப்படி ஒலித்திருக்கும்?

சில நாட்கள்தான். பேய் மழை பெய்து பாதைகள் அறுந்து தோட்டத்துக்குத் தோட்டம் தொடர்பு போனது, பொலிஸ் அடக்குமுறை கூடியது, வேலைநிறுத்தம் முறிந்தது. ஜூனில் கட்சித் தலைவர்களைப் பிடித்து உள்ளே போட்டார்கள்.

ஏழு வருஷம் கழித்து 1947 தேர்தலில் இலங்கை இந்தியன் காங்கிரஸ் ஏழு பேரைப் பாராளுமன்றத்துக்கு அனுப்பியது, பதுளையில் இருந்து எஸ். எம். சுப்பையா. அடுத்த வருஷமே பிரஜாவுரிமைச் சட்டம். 1952 தேர்தலில் அந்த ஏழு இடமும் இல்லை, வாக்காளர் இடாப்பில் எங்கள் ஆட்களும் இல்லை. 1964 சிறிமா சாஸ்திரி ஒப்பந்தத்தில் 5,25,000 பேர் அங்கே, 3,00,000 பேர் இங்கே, 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பேசலாம் என்று பங்கு பிரித்தார்கள். இதெல்லாம் உங்களுக்குத் தெரிந்த கதை. நான் சொல்ல வருவது, வாக்குரிமை போனபோது அன்றாட மரியாதையிலும் என்ன போனது என்பதுதான். வெவெஸ்ஸவில் துரையிடம் சபையாகப் பேசிய தலைமுறை, எட்டு வருஷத்தில் அதே துரையின் ஆபீசுக்கு, தான் இந்தத் தோட்டத்தில் இத்தனை வருஷம் இருந்தேன் என்று ஒரு கடிதம் வாங்கப் போய் நிற்க வேண்டி வந்தது. பிரஜாவுரிமை விண்ணப்பத்துக்கு அத்தாட்சி வேண்டுமே. அம்மாயியின் அப்பாவும் அப்படி நின்றவர்தான். அம்மாயி பிறந்த காலம் அது. அவர் பார்த்துப் பழகியது சபையை இல்லை, அந்த வரிசையை.

1972, 1975 காணிச் சீர்திருத்தத்தில் தோட்டங்கள் அரசுக்குப் போயின. வெள்ளைத் துரை போனார், துரை போகவில்லை. அதே பங்களா, அதே அரைக்காற்சட்டை, அதே நீட்டுக் காலுறை. 1992இல் நிர்வாகம் கம்பனிகளுக்குக் கைமாறியபோதும் அப்படியே. "வெள்ளத் தொரைதான் நல்லவரு" என்று சொல்லும் வயசாளிகள் எங்கள் லயத்தில் இருக்கிறார்கள். எனக்குக் கோபம் வரும். யோசித்துப் பார்த்தால், எழுபதுகளின் பஞ்சத்தில் பட்டினி கிடந்தவர்கள் வேறு எதைச் சொல்வார்கள்? ஆண் பெண் சம்பளம் சமமானதே 1984இல்தான். அதுவரை அம்மாயி பறித்த கிலோவுக்கும் தாத்தா வெட்டிய காணுக்கும் வேறு வேறு விலை. இன்றும் மலையில் பறிப்பது பெண்கள், பின்னால் நின்று "கை போடு, கை போடு" என்பது பெரும்பாலும் ஆண் கங்காணி.

பள்ளிக்கூடம் இதைக் கொஞ்சம் கலைத்தது. 1977க்குப் பிறகு தோட்டப் பள்ளிகள் அரசின் கைக்கு வந்தன, லயத்தில் இருந்து டீச்சர்மார் வந்தார்கள். எங்கள் டிவிஷனில் முதல் தரமாக ஸ்டாப் இல்லாத ஒருவரை 'சேர்' என்று கூப்பிட்டது அப்போதுதான் என்று அம்மா சொல்வார். நான் இப்போது கலைப்பீடத்தில் இருப்பது அந்த வரிசையில்தான். ஆனா அதே படிப்புத்தான் எனக்கு "டவுன்தான்" என்று சொல்லவும் கற்றுத்தந்தது. டவுன் பாடசாலைக்கு மாறிய பிறகு ஸ்டாப் பிள்ளைகளோடு ஒரே வாங்கில் இருந்தேன். அவர்கள் முகவரியில் வீட்டு இலக்கம் இருக்கும். எங்களுக்குத் தோட்டத்தின் பெயர்தான் முகவரி, கடிதம் ஆபீசுக்கு வந்து, அங்கே இருந்து யாராவது கொண்டுவந்தால் உண்டு.

முகவரி சின்ன விஷயம் என்று நினைப்பவர்கள் 2014 ஒக்டோபர் 29ஐ ஞாபகப்படுத்திக்கொள்ளுங்கள். கொஸ்லந்தை மீரியபெத்தையில் மண் சரிந்து லயங்கள் அப்படியே மூடிப்போயின. அந்த இடம் ஆபத்தானது என்று முன்னமே எச்சரிக்கை கொடுத்திருந்தார்கள். ஆட்களுக்குப் போக வேறு காணி இருக்கவில்லை. உள்ளே எத்தனை பேர் என்பதில் முதல் நாட்களில் ஒவ்வொருவர் ஒவ்வொரு எண்ணிக்கை சொன்னார்கள். சரிவில் யார் இருப்பது என்பது ரொம்பக் காலத்துக்கு முன்னால் யாரோ அண்ணாந்து பார்த்து முடிவு செய்த விஷயம்.

போன விடுமுறையில் அம்மாயிக்கு வெவெஸ்ஸ கதையைச் சொன்னேன். பஸ்ஸில் போகும் தூரத்தில் இருந்தும் அவர் கேள்விப்பட்டதே இல்லை. பொலிஸின் துவக்கைப் பறித்த இடத்தில் வெற்றிலையை மெல்லுவதை நிறுத்திவிட்டார். சபை அமைத்த இடத்தில் ஒன்றும் பேசவில்லை. நான் முடித்த பிறகு, கொஞ்ச நேரம் கழித்துத்தான் கேட்டார்.

"தொரையும் இவங்களும் ஒண்ணாவா உக்காந்து பேசுனாங்க?"

"அப்படித்தான் இருக்கணும் அம்மாயி."

"அப்ப இவங்களுக்குக் கதிர யாரு புள்ள எடுத்துப் போட்டது?"